போன தகடுகள் என்னுடையவை, கவிழ்த்த பை அக்காவுடையது

நம் கலைஞர் குடியிருப்பின் நிர்வாகக் குழுவுக்கு,

வணக்கம். போன வாரம் அச்சுப் பட்டறையில், படம் கீறி அச்செடுக்கும் மூன்று செப்புத் தகடுகள் காணாமல் போயின. மூன்றும் என்னுடையவை. அதனால் இதைப் பேச எனக்கு உரிமை இருக்கிறது என்று எழுதுகிறேன்.

ஒவ்வொன்றும் 12க்கு 9 அங்குலம். மூன்றும் சேர்ந்து இரண்டு கிலோவுக்குக் கொஞ்சம் மேலே. காயலான் கடையில் எடைக்குப் போட்டால் ஓரிரண்டாயிரம் தேறும். எனக்கு அது எட்டு மாத வேலை. மெழுகு பூசி, ஊசியால் கீறி, கீறிய கோட்டில் செம்பை அரிக்கும் ஃபெரிக் குளோரைடு கரைசலில் முக்கி, எடுத்துப் பார்த்து, மறுபடி முக்கி. கடைசித் தகட்டில் என் அம்மா முறத்தோடு உட்கார்ந்திருப்பார். அந்த முறத்தின் பின்னலுக்கு மட்டும் நாலு தடவை முக்கினேன். ஐந்தாறு பிரதிதான் எடுத்திருந்தேன். மனது ஆறவில்லை.

ஆனால் என்னைத் தூங்கவிடாதது மறுநாள் நடந்த காரியம். சமையற்கட்டு அக்கா வேலை முடிந்து கிளம்பும்போது வாசலில் நிறுத்தி, அவருடைய கட்டைப்பையைத் திண்ணையில் கவிழ்த்தீர்கள். டிபன் டப்பா, மாற்றுப் புடவை, இரண்டு வாழைப்பழம். "பழம் நேத்து மிச்சம் சார், நீங்கதான் எடுத்துக்கச் சொன்னீங்க" என்றார், யாரும் கேட்காமலேயே. பதினோரு வருடமாக நமக்குச் சோறு போடுகிறவர். நானும் அங்கேதான் நின்றேன். வாயைத் திறக்கவில்லை. அது என் தப்பு.

அதே நேரத்தில் நம்மில் ஒருவர் பெரிய தோள்பையோடு அதே வாசலைத் தாண்டிப் போனார். அவரை யாரும் நிறுத்தவில்லை. பட்டறைச் சாவி நம் பதினான்கு பேரிடமும் இருக்கிறது. அக்காவிடம் இல்லை.

இந்த இடத்தைத் தொடங்கியபோது வாய்க்கு வாய் சோழமண்டலத்தைச் சொன்னோமே, நினைவிருக்கிறதா? 1966இல் ஓவியர் கே. சி. எஸ். பணிக்கரும் அவரோடு சேர்ந்த கலைஞர்களும் சென்னை ஈஞ்சம்பாக்கத்தில் அமைத்த கலைஞர் கிராமம். மெழுகிட்டுச் சாயம் ஏற்றும் பத்திக் துணியும் கைவினைப் பொருளும் செய்து விற்றுத்தான் அவர்கள் படமும் சிற்பமும் செய்தார்கள். கலைக்கும் கைவேலைக்கும் நடுவே சுவர் வேண்டாம் என்று நாமும்தான் பேசினோம். இப்போது நம் வாசலிலேயே அதை எழுப்பிவிட்டீர்கள்.

அக்கா இப்போதெல்லாம் பையே கொண்டுவருவதில்லை. டப்பாவைக் கையில் பிடித்தபடி வருகிறார்.

பணியாளர்களின் பையைச் சோதிக்கும் அறிவிப்பை இன்றே எடுத்துவிடுங்கள். ஞாயிற்றுக்கிழமை கூட்டத்துக்கு அக்காவை அழைத்து, எல்லோர் முன்னாலும் மன்னிப்புக் கேளுங்கள். நானும் கேட்கிறேன். கண்காணிப்புக் கேமரா வாங்க ஒதுக்கிய பணத்தில் பட்டறைக்கு ஒரு இரும்பு பீரோ வாங்கினால் போதும்.

அப்புறம், எடுத்தவர் இதைப் படித்தால்: தகடுகளை இருந்த இடத்திலேயே வைத்துவிடுங்கள், நான் எதுவும் கேட்க மாட்டேன். விற்றாகிவிட்டது என்றால், எந்தக் கடை என்று ஒரு சீட்டில் எழுதி என் கதவிடுக்கில் செருகுங்கள். உருக்கப் போவதற்குள் நானே காசு கொடுத்து வாங்கிவிடுகிறேன்.