கரையில் நிற்பவர்களும் மீனவர்கள்தான்

ஆசிரியருக்கு,

மீனவர் என்றதும் படகில் நின்று வலை வீசும் ஆண்தான் நம் கண்முன் வருகிறார். படகு கரை தொட்ட பிறகு நடப்பது யார் கண்ணிலும் படுவதில்லை. மீனைத் தரம் பிரிப்பது, தலைச்சுமையாகக் கொண்டுபோய் விற்பது, விலைபோகாததை உப்பிட்டுக் காயவைப்பது எல்லாம் பெரும்பாலும் பெண்கள். உப்புநீரில் ஊறி விரலிடுக்கு வெடித்திருக்கும். அதே விரலால்தான் மறுபடி செதில் சுரண்ட வேண்டும். தூறல் விழுந்தால் காயும் கருவாட்டை அள்ள ஓட வேண்டும்.

சிறு அளவிலான மீன்பிடித் தொழிலில் பத்தில் நான்கு பேர் பெண்கள் என்கிறது, ஐ.நா. உணவு வேளாண்மை அமைப்பும் பிறரும் 2023-இல் வெளியிட்ட ஆய்வு. ஆனாலும் பல இடங்களில் கணக்கெடுக்க வருபவர் 'இல்லத்தரசி' என்று எழுதிக்கொண்டு போய்விடுகிறார். அப்புறம் புயல் நிவாரணம் வந்தால் படகுக்கும் வலைக்கும்தான். கூடைக்கும் தராசுக்கும் கிடையாது. (அந்த வலையின் கிழிசலைத் தைத்தது யார் என்பது வேறு கதை.)

சிறு அளவிலான மீன்பிடித் தொழிலுக்கான அதே அமைப்பின் 2014 வழிகாட்டு நெறிகள் பாலினச் சமத்துவத்தை வலியுறுத்துகின்றன. சரி, ஏட்டில் இருக்கிறது. மீன் இறங்குதளத்தில் பெண்களுக்கு ஒரு கழிப்பறையும் உட்கார நிழலும் எப்போது வரும்?

இப்படிக்கு,
ஒரு வாசகர்