ஈரம் உலர்த்திய பெரியவருக்கும் மற்ற எல்லோருக்கும்

அன்புள்ள எல்லோருக்கும்,

செப்டம்பர் நடுவில் இங்கே, ஆஸ்திரியாவில், வந்த வெள்ளத்தைப் பற்றி மறுபடி எழுதப் போவதில்லை. பெர்ஷ்லிங் ஆற்றின் கரை உடைந்த அன்று விடிய விடிய எனக்குச் செய்தி அனுப்பிக்கொண்டிருந்தவர்கள் நீங்கள்தான். உங்களுக்குத் தெரியாதது ஒன்றுமில்லை. வீடு நிற்கிறது. நாங்கள் நால்வரும் நலம். தண்ணீர் நின்ற கோடு கூடத்துச் சுவரில் என் இடுப்பளவுக்கு இருக்கிறது. அதை வெள்ளையடிக்க வேண்டாம் என்று மகன் பிடிவாதம் பிடிக்கிறான்.

முதலில் மொத்தமாக ஒரு நன்றி. கண்ணோடு கண் மூடாமல் மணல் மூட்டை சுமந்த தன்னார்வத் தீயணைப்புப் படையினர், வியன்னாவிலிருந்து காரின் பின்பக்கம் நிறையப் புளிச்சாதமும் ரப்பர் பூட்ஸும் ஏற்றிவந்த தமிழ்க் குடும்பங்கள், எங்கள் பிள்ளைகளைப் பத்து நாள் தங்கள் பிள்ளைகளாக வைத்திருந்த தோழி, முகம் தெரியாமலே பணம் அனுப்பியவர்கள், நிலவறைச் சேற்றை வாளி வாளியாக அள்ளிக் கொட்டிய பள்ளிக்கூடத்துப் பையன்கள். பெயர் பெயராக எழுதினால் யாரையாவது விட்டுவிடுவேன். விடுபட்டவர் அதை ஆயுளுக்கும் மறக்கமாட்டார். நம் ஆட்களை எனக்குத் தெரியாதா?

இந்த மடலின் மிச்சம் முழுவதும் எங்கள் எதிர்வீட்டுப் பெரியவருக்கு. அவருக்குத் தமிழ் தெரியாது. ஜெர்மனில் நான்தான் சொல்லிக் காட்ட வேண்டும். அப்போது சில வரிகளைத் தாண்டிவிடுவேன், ஏனென்றால் புகழ்ந்தால் அவர் எழுந்து போய்விடுவார்.

தண்ணீர் வடிந்த மூன்றாம் நாள். தெருவெங்கும் அவரவர் வாசலில் குப்பை மலை. சோபா, சலவை இயந்திரம், மெத்தை, ஊறி உப்பிய கதவுகள். நான் கையில் கிடைத்ததையெல்லாம் எறிந்துகொண்டிருந்தேன். ஒரு கட்டத்துக்கு மேல் பார்த்து எறிவதில்லை, எறிவது மட்டும்தான். அப்படி எறிந்ததில் ஒன்று அம்மாவின் கோல நோட்டு. கோடு போடாத நீள நோட்டு, காலிகோ அட்டை. சேறு குடித்து ஒரு செங்கல் மாதிரி கனத்தது. போனது போனதுதான் என்று நானே முடிவு கட்டிவிட்டேன்.

பெரியவர் தெருவைக் கடந்து வந்து அதைக் குப்பையிலிருந்து எடுத்தார். என்ன இது என்று கேட்டார். அம்மா வரைந்தது என்றேன். உடனே பிரித்துப் பார்க்கப் போனேன், அவர் கையை நீட்டித் தடுத்தார். "திறக்காதீர்கள். ஈரத்தில் பிரித்தால் கிழிந்துவிடும்." தன் சட்டைப்பையிலிருந்து ஒரு பிளாஸ்டிக் பையை எடுத்து, பச்சைக் குழந்தையைச் சுற்றுவதுபோல் அதைச் சுற்றி எடுத்துக்கொண்டு போனார். அவ்வளவுதான். எனக்கும் அன்று அதற்கு மேல் நினைக்க நேரமில்லை.

மறுநாள் சூப் கொடுக்கக் கூப்பிட்டார். அவர் வீடு மேட்டுப் பக்கம்; தண்ணீர் வாசற்படியோடு நின்றுவிட்டது, மின்சாரமும் சீக்கிரமே வந்துவிட்டது. ஃப்ரீசரைத் திறந்து காட்டினார். மான் இறைச்சிப் பொட்டலங்களுக்கும் ஆப்ரிகாட் உருண்டைகளுக்கும் நடுவில் அம்மாவின் நோட்டு, விறைத்துப்போய் இருந்தது. நான் சிரித்தேனா அழுதேனா என்று தெரியவில்லை. அவர் மட்டும் பாடம் நடத்துவதுபோல் விளக்கினார்: நனைந்த தாளில் இரண்டு மூன்று நாளில் பூஞ்சை பிடித்துவிடும். உறையவைத்துவிட்டால் எப்படி இருந்ததோ அப்படியே நிற்கும். பிறகு ஆற அமர, நாலு நாலு பக்கமாகப் பிரித்து உலர்த்தலாம். அவசரம் கூடாது.

இதெல்லாம் எங்கே கற்றீர்கள் என்று கேட்டேன். ஜன்னலுக்கு வெளியே, வயல்களுக்கு அப்பால் தெரியும் அந்த உயரமான புகைபோக்கியைக் காட்டினார்.

ஸ்வென்டென்டோர்ஃப் அணுமின் நிலையத்தைப் பற்றி ஆஸ்திரியாவில் இருப்பவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. ஊரில் இருப்பவர்களுக்காக இரண்டு வரி. டான்யூப் கரையில் 1972இல் கட்டத் தொடங்கினார்கள். 700 மெகாவாட்டுக்குக் கொஞ்சம் குறைவு. எல்லாம் முடிந்து, எரிபொருள் கட்டுகளை ஹெலிகாப்டரில் கொண்டுவந்து இறக்கியும் ஆயிற்று. அதன் பிறகுதான் மக்களிடம் கேட்டார்கள்: ஓட்டலாமா, வேண்டாமா? 1978 நவம்பர் 5, ஞாயிற்றுக்கிழமை. வேண்டாம் என்றவர்கள் 50.47 சதவீதம். ஏறக்குறைய 30,000 வாக்குகள்தான் வித்தியாசம். அதே டிசம்பரில் நாடாளுமன்றம் அணுமின்சாரத்துக்குத் தடைச் சட்டம் போட்டது. கோடிக்கணக்கில் கொட்டிக் கட்டிய உலை ஒரு நாள்கூட ஓடவில்லை.

அந்த உலையை இயக்கப் பயிற்சி எடுத்தவர்களில் ஒருவர் எங்கள் பெரியவர். அப்போது அவருக்கு 27 வயது. வேலை என்ன ஆயிற்று என்றால், போகவில்லை. சட்டம் ஒரு நாள் மாறும் என்ற நம்பிக்கையில் நிலையத்தை 1985 வரை அப்படியே பாதுகாத்து வைத்திருந்தார்கள். குழாய்களுக்குள் உலர்ந்த காற்றை ஊதுவது, ஈரம் உறிஞ்சும் பொட்டலங்களை மாற்றுவது, துருப் பிடிக்கிறதா என்று டார்ச் அடித்துப் பார்ப்பது. "ஏழு வருடம் ஈரத்தோடுதான் மல்லுக்கட்டினேன்" என்றார். "ஒரு முறையும் சூடேறாத எந்திரத்தை நனையாமல் பார்த்துக்கொள்வது என் உத்தியோகம். உங்கள் அம்மாவின் நோட்டு அதைவிடச் சுலபம்."

அவர் ஓட்டலாம் என்று வாக்களித்தவர். மனைவி வேண்டாம் என்று. அதை அந்த அம்மாள் வாக்கு எண்ணி முடித்த இரவு, சாப்பாட்டு மேசையில் வைத்துத்தான் சொன்னாராம். இவர் இரண்டு நாள் பேசவில்லை. "மூன்றாம் நாள் சூப் நன்றாக இருக்கிறது என்றேன். நன்றாகத்தான் இருந்தது." 1986இல் செர்னோபில் வெடித்து, மே முதல் நாள்களில் மழை பெய்து, பிள்ளைகளை மணல்தொட்டியில் விளையாட விடாதீர்கள் என்று இங்கே எச்சரித்தபோதும் அந்த அம்மாள் 'நான் அன்றே சொன்னேனே' என்று ஒரு வார்த்தை சொல்லவில்லை என்பதை அவர் அழுத்திச் சொன்னார். அந்த அம்மாளை நான் பார்த்ததில்லை. நாங்கள் இந்தத் தெருவுக்கு வரும் முன்பே இறந்துபோய்விட்டார்.

வெள்ளத்தின் முதல் இரவில் எனக்கு ஓர் எண்ணம் வந்தது, அதையும் எழுதிவிடுகிறேன். மாடி ஜன்னலில் இருட்டுக்குள் தண்ணீர்ச் சத்தம் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தபோது, அந்தப் பக்கம் உள்ள கட்டடத்துக்குள் ஒன்றுமில்லை என்பது எவ்வளவு பெரிய ஆறுதல் என்று தோன்றியது. அது ஓடியிருந்தால், எரிந்து தீர்ந்த கட்டுகளை எங்கே வைத்திருப்பார்கள்? பெரியவரிடம் இதைச் சொன்னேன். அவர் ஒத்துக்கொள்ளவில்லை. "நாங்கள் கட்டியதற்குள் தண்ணீர் புகாது" என்றார், 46 வருடத்துக்கு முந்தைய அதே ரோஷத்தோடு. எனக்கு நம்பிக்கை வரவில்லை. அதற்காக நான் கொண்டுபோன ரசத்தை அவர் மறுக்கவும் இல்லை.

நியாயமாக அவர் பக்கத்தையும் சொல்ல வேண்டும். உலை நின்றதால் மின்சாரம் வானத்திலிருந்து வரவில்லை. சில கிலோமீட்டர் தள்ளி டூர்ன்ரோரில் நிலக்கரி நிலையம் கட்டினார்கள். உலைக்கென்று இழுத்த மின்கம்பிகளே அதற்கும் பயன்பட்டன. 1987 முதல் 2019 வரை அங்கே நிலக்கரி எரிந்தது. பெரியவர் மிச்ச உத்தியோகத்தை அங்கேதான் பார்த்தார். "அணுவை வேண்டாம் என்றவர்கள் யாரும் என் சட்டைக் காலரில் இருந்த கரியைப் பார்க்கவில்லை" என்பார். அந்த வாக்கெடுப்பைப் பொன்னெழுத்தில் எழுதுகிறவர்கள் இந்த வரியைச் சேர்ப்பதில்லை. நானும் இதுநாள்வரை சேர்த்ததில்லை. இப்போது உலை வளாகத்தில் சூரியத் தகடுகள். உள்ளே இருந்த பாகங்களைக் கழற்றி, அதே வகை உலைகள் ஓடிக்கொண்டிருந்த ஜெர்மனிக்கு உதிரியாகக் கொடுத்தார்கள். அந்த ஜெர்மனியும் 2023 ஏப்ரல் 15ஆம் தேதி கடைசி மூன்று உலைகளையும் நிறுத்திவிட்டது. பெரியவர் அன்று தொலைக்காட்சியை அணைத்துவிட்டுத் தோட்டத்துக்குப் போனாராம்.

எனக்குச் சொந்த ஊர் ராதாபுரம் பக்கம் என்பது உங்களில் பாதிப் பேருக்குத் தெரியும். பக்கங்களைப் பிரித்துக்கொண்டிருந்த ஒரு மாலை, எங்கள் ஊரிலிருந்து கொஞ்ச தூரத்தில் கூடங்குளம் இருக்கிறது, அங்கே உலைகள் ஓடுகின்றன, இடிந்தகரையில் மீனவர்கள் மாதக்கணக்கில் போராடினார்கள் என்றெல்லாம் சொன்னேன். என்ன சொல்வார் என்று தெரிந்தே சொன்னேன். உலை பாதுகாப்பானது என்று ஆரம்பிப்பார், நான் மல்லுக்கு நிற்கலாம் என்று. அவர் கையிலிருந்த மையொற்றுத்தாளைக் கீழே வைத்துவிட்டு ஒன்றே ஒன்று கேட்டார்.

"உங்களிடம் வாக்குச் சீட்டு கொடுத்துக் கேட்டார்களா?"

இல்லை என்றேன். தலையை ஆட்டினார். "நான் தோற்றேன். ஆனால் என்னைக் கேட்டார்கள்." அதோடு அடுத்த பக்கத்தைப் பிரிக்கத் தொடங்கிவிட்டார்.

பிரிப்பதை நீங்கள் பார்க்க வேண்டும். வெண்ணெய் தடவும் மொண்ணைக் கத்தியைத் தாள்களுக்கு நடுவில் விட்டு, மூச்சைப் பிடித்துக்கொண்டு, ஒரு மயிரிழை நகர்த்துவார். பிறகு இருபுறமும் மையொற்றுத்தாள். அது நனைந்ததும் வேறு. கடைசியில் சமையலறையில் கட்டிய கொடியில் துணி கிளிப் மாட்டித் தொங்கவிடுவார். எந்தப் பக்கம் மேல் என்று முதலில் என்னைக் கேட்டுக் கேட்டுத் தொங்கவிட்டார். நெளிக்கோலத்துக்கு மேல் கீழ் கிடையாது, எப்படி வேண்டுமானாலும் மாட்டுங்கள் என்று சொன்னதிலிருந்து அவருக்கு ஒரே ஆச்சரியம். ஓரத்தில் அம்மா பால்பாயிண்ட் பேனாவில் '15 புள்ளி, 8 வரை, ஊடுபுள்ளி' என்று எழுதியது அழியவில்லை. மை ஊற்றும் பேனாவில் வரைந்த பக்கங்கள் நீலக் கறையாகிவிட்டன. அவற்றையும் அவர் எறியவில்லை. ஒரு கறைக்குள் புள்ளிகள் மங்கலாகத் தெரிந்தன. பூதக்கண்ணாடியை வைத்துக்கொண்டு அவற்றை எண்ணி, ஒரு தாளில் பென்சிலால் புள்ளி வைத்துக் கொடுத்திருக்கிறார். இழையை நான் போட வேண்டுமாம்.

அம்மா போய் ஆறு வருடமாகிறது. நான் கோலம் போட்டு அதற்கும் மேலே இருக்கும். இந்த மார்கழியில் அவர் வாசலில் ஒரு கோலமாவது போடுவது என்று முடிவு செய்திருக்கிறேன். மகளும் கூட வருகிறாள். பனி கொட்டியிருந்தால் வெள்ளை மாவு தெரியாது, காவிப் பொடியில்தான் போட வேண்டும். இங்கே காவிக்கு எங்கே போவது? தை மாதத்துக்குள் ஊரிலிருந்து யாராவது வருவதாக இருந்தால் அரைக் கிலோ எடுத்து வாருங்கள், புண்ணியமாகப் போகும்.

இன்னும் 22 பக்கங்கள் ஃப்ரீசரில் இருக்கின்றன. வாரத்துக்கு ஒரு மாலை என்று கணக்கு. அவர் அவசரப்படுவதாக இல்லை, நானும் இல்லை.

கடைசியாக ஒரு விஷயம். உதவிக்கு வந்தவர்களில் யாரோ ஒருவருடைய நீலநிறத் தண்ணீர் பம்ப், பத்து மீட்டர் குழாயோடு, எங்கள் வாசலில் ஒரு மாதமாக நிற்கிறது. கழுவித் துடைத்து வைத்திருக்கிறேன். உள்ளே ஈரம் இருக்கக் கூடாது என்று பெரியவர் வந்து கழற்றியும் பார்த்துவிட்டார். உரியவர் வந்து வாங்கிக்கொள்ளுங்கள். சனிக்கிழமை மாலை வந்தால் இடியாப்பம் உண்டு.

நன்றியுடன்,
துல்னர்ஃபெல்டிலிருந்து
அக்டோபர் 2024