காரோ

மெல்பர்ன்,
ஞாயிறு இரவு

அன்புள்ள சண்முகம்,

உன் இரண்டு கடிதங்களுக்கும் பதில் போடாமல் எட்டு மாதத்தை ஓட்டிவிட்டேன். நீ திட்டி எழுதிய இரண்டாவது கடிதம் மேசைமேல்தான் கிடக்கிறது, திட்டு நியாயமானது. அக்காவின் முழங்கால் வலி குறைந்ததா? கல்யாணத்துக்கு வராததற்குச் செல்வியிடம் தனியாக மன்னிப்புக் கேட்டாயிற்று. இங்கே எல்லோரும் நலம். இனி விஷயத்துக்கு வருகிறேன். உன்னைத் தவிர வேறு யாரிடமும் இதைக் கேட்கத் தோன்றவில்லை.

ஓக்லீ பகுதியில் கிரேக்க முதியவர்களின் பேச்சைப் பதிவு செய்து வருகிறேன் அல்லவா? 1952இல் கிரீஸும் ஆஸ்திரேலியாவும் குடியேற்ற ஒப்பந்தம் போட்ட பிறகு கப்பல் கப்பலாக வந்து இறங்கியவர்கள். அவர்களில் ஒரு பாட்டி, 1962இல் 'பாத்ரிஸ்' கப்பலில் வந்தவர். அந்தப் பெயருக்கே தாய்நாடு என்றுதான் பொருள். கையில் ஒரு புகைப்படத்தோடு வந்து, அதில் இருந்தவரைத் துறைமுகக் கூட்டத்தில் தேடிப் பிடித்து மணம் முடித்தார்.

பாட்டி காரை 'காரோ' என்கிறார். ஆங்கிலச் சொல்லுக்குக் கிரேக்க வால். கிரீஸில் 'காரோ' என்றால் கட்டைவண்டி; காருக்கு அங்கே 'அஃப்டோகீனிடோ', தானாக நகர்வது. சந்தைக்கு 'அகோரா' இருக்க, இவர் 'மார்க்கெட்டா' என்கிறார். ஆனால் யோசித்துப் பார். அவர் ஊரில் யாரிடமும் கார் இருந்ததில்லை, கழுதைதான். இரவு ஷிப்டில் தையல் மெஷின் ஓட்டிச் சேர்த்த பணத்தில் முதல் காரை வாங்கியது இங்கே. அதற்குப் பெயர் பிறந்ததும் இங்கே. அந்த ஒரு சொல்லில் அவர் வாழ்க்கையே இருக்கிறது.

இந்தப் பதிவுகளை வைத்து நான் எழுதும் புத்தகத்தின் பதிப்பாசிரியரோ இதையெல்லாம் சரியான கிரேக்கத்துக்கு மாற்றச் சொல்கிறார். எது சரியான கிரேக்கம்? பாட்டி புறப்பட்டபோது அரசாங்கக் காகிதங்களில் இருந்தது 'கதரேவுசா', அதாவது தூய்மையாக்கிய மொழி. 1976இல் அரசே அதைக் கைவிட்டது. அந்தத் தூய மொழிக்கு வழி வகுத்த அறிஞர் கொராயிஸ், இன்று துருக்கியில் இருக்கும் ஸ்மிர்னாவில் பிறந்து, பாரிஸில் பல ஆண்டுகள் வாழ்ந்து, 1833இல் அங்கேயே இறந்தவர். துருக்கிச் சொற்களைக் களையெடுக்க வேண்டும் என்றவரே ஊரைவிட்டுப் போனவர்தான்!

நீ முகம் சுளிப்பது இங்கிருந்தே தெரிகிறது. என் கதையில் 'சாவி'யை அடித்துவிட்டுத் 'திறவுகோல்' போட்டவன் ஆயிற்றே. அலமாரியும் ஜன்னலும்கூடப் போர்த்துக்கீசியம்தான் என்று வாத்தியார் சொன்னதும் நீ பேனாவை மூடிவைத்தது நினைவிருக்கிறதா?

பதிப்பாசிரியருக்கு நான்கு பக்கத்தில் காரசாரமாகப் பதில் எழுதினேன். அனுப்பவில்லை. போன வியாழக்கிழமை நடந்ததுதான் காரணம்.

எழுதி முடித்த பகுதியைப் பாட்டிக்கு வாசித்துக் காட்டப் போயிருந்தேன். நீளக் கைப்பிடி போட்ட சின்னப் பித்தளைப் பாத்திரத்தில் காபி காய்ச்சிக்கொண்டிருந்தார். 'காரோ' வந்ததும் திரும்பினார். "அதை மாற்றிவிடு" என்றார். 1975இல் மகனைக் கூட்டிக்கொண்டு ஊருக்குப் போனாராம். பையனுக்குப் பத்து வயது. மாமா வீட்டு முற்றத்தில், "எங்கள் வீட்டில் இரண்டு காரோ இருக்கிறது" என்று பெருமையாகச் சொல்லியிருக்கிறான். முற்றமே சிரித்தது. "ஐயோ பாவம், ஆஸ்திரேலியாவில் இன்னும் கட்டைவண்டிதானா?" என்றாராம் ஒருவர். அந்தப் பயணம் முடியும்வரை பையன் கிரேக்கத்தில் வாய் திறக்கவில்லை. இன்று அவருக்கு அறுபது வயது; தாயிடம் இன்றும் ஆங்கிலத்தில்தான் பேசுகிறார்.

"என் பேரப்பிள்ளைகள் இந்தப் புத்தகத்தைப் பார்ப்பார்கள்" என்றார் பாட்டி. காபி பொங்கி அடுப்பில் வழிந்துகொண்டிருந்தது. இருவருமே கவனிக்கவில்லை.

பதிப்பாசிரியரோடு எத்தனை நாள் வேண்டுமானாலும் சண்டை போடுவேன். பாட்டியோடு எப்படிப் போடுவது? மாற்றினால் அவர் பேசாத மொழியை அவர் வாயில் திணித்தவன் ஆவேன். மாற்றாவிட்டால் அந்த முற்றத்துச் சிரிப்பை அச்சில் ஏற்றியவன் ஆவேன். நான்கு இரவாகத் தூக்கம் இல்லை.

வருகிற வியாழக்கிழமை மறுபடியும் போகிறேன். மகன் முன்னால் அந்தப் பகுதியை வாசிக்கலாமா என்று பாட்டியிடம் கேட்டேன். வெகுநேரம் யோசித்து, சரி என்றார். அதற்குள் உன் பதில் வேண்டும். நாற்பது வருடம் பிறர் எழுத்தைத் திருத்தியவன் நீ. எழுதியவரே திருத்தச் சொல்லியும் உன் கை மறுத்த சொல் ஏதாவது உண்டா? இருந்தால் எழுது. தபால் பிந்திவிடும், மின்னஞ்சலில் இரண்டு வரி போதும்.

அன்புடன்,
ராகவன்