பவளப்பாறையில் தட்டிய கப்பல்களுக்கு ஓர் அறை

அன்புடையீர், வணக்கம்.

எங்கள் தமிழ்ப் பள்ளிக்குப் பின்னால், உடைந்த பெஞ்சுகளைப் போட்டு வைத்திருந்த அறையைக் காலி செய்திருக்கிறோம். மொரீஷியஸின் கடற்போர் வரலாற்றைத் தமிழில் சொல்லும் ஒரு சின்னக் காட்சிக்கூடம் அங்கே வரப்போகிறது. அதற்குத்தான் உங்களிடம் கை நீட்டுகிறோம்.

மாயேபூரில் அருங்காட்சியகம் இருக்கிறதே, இன்னொன்று எதற்கு? நியாயமான கேள்வி. 1810 ஆகஸ்டில் நடந்த கிராண்ட் போர்ட் சண்டையில் காயம்பட்ட இரு தரப்புத் தளபதிகளுக்கும், பிரெஞ்சுக்காரர் துய்ப்பெரேவுக்கும் ஆங்கிலேயர் வில்லபிக்கும், சிகிச்சை நடந்தது இப்போது அருங்காட்சியகமாக இருக்கும் அந்த வீட்டில்தான். கட்டாயம் பார்க்க வேண்டிய இடம். ஆனால் பிள்ளைகளைக் கூட்டிப் போய்த் திரும்பும்போதெல்லாம் பஸ்ஸில் ஒரே கேள்வி: "இதில் நாம எங்கே?"

இருக்கிறோம். லா பூர்தொன்னே 1735இல் பிரெஞ்சு ஆளுநராக வந்து போர்ட் லூயியைத் துறைமுகமாக்கியபோது, புதுச்சேரியிலிருந்து வந்த கொத்தனார்களும் தச்சர்களும் அதில் பாடுபட்டார்கள். 1746இல் அவரே இங்கிருந்து கப்பற்படையோடு போய் ஆங்கிலேயரிடமிருந்து சென்னையைப் பிடித்தார். அந்த நாட்களின் பரபரப்பைப் புதுச்சேரியில் இருந்த ஆனந்தரங்கப் பிள்ளை தம் நாட்குறிப்பில் தமிழிலேயே எழுதி வைத்திருக்கிறார். 64 வருஷம் கழித்து எதிர்த்திசையில் நடந்தது: 1810 நவம்பர் 29 அன்று வடக்குக் கரையில் இறங்கிய ஆங்கிலேயப் படையில் சென்னைச் சிப்பாய்களும் இருந்தார்கள். டிசம்பர் 3இல் தீவு பிரெஞ்சுக்காரரிடமிருந்து ஆங்கிலேயரிடம் கைமாறியது.

அறையின் நடு மேசையில் கிராண்ட் போர்ட் குடாவை மாதிரியாக வைக்கிறோம். பிரெஞ்சுக் கப்பல்கள் பவளத் திட்டுகளுக்குப் பின்னால் வரிசையாக நங்கூரமிட்டு நிற்க, தாக்க வந்த நான்கு ஆங்கிலேயப் போர்க்கப்பல்களில் சீரியஸும் மாஜிசியேனும் தண்ணீருக்கடியில் தெரியாத பாறையில் ஏறிச் சிக்கின. கடைசியில் ஆங்கிலேயரே அவற்றைக் கொளுத்தினார்கள். நான்கில் இன்னொன்றான நெரேயிட் தனியாக நின்று அடிபட்டது. குண்டை விடப் பாறைதான் அன்று வேலை செய்தது என்பது எங்கள் கட்சி; குழுவில் ஒருவர் மட்டும் ஒத்துக்கொள்ளவில்லை.

நிஜப் பீரங்கி வேண்டும் என்று சிறுவர்கள் கேட்கிறார்கள். கடலிலிருந்து எடுத்த வார்ப்பிரும்பை அப்படியே காயவிட்டால், உள்ளே ஊறிய உப்பு அதைச் செதில் செதிலாக உரித்துவிடும். மாதக்கணக்கில், சில சமயம் வருஷக்கணக்கில் காரக் கரைசலில் ஊறவைக்க வேண்டும். நமக்கு அது கட்டாது. மரத்தில் ஒன்று செய்து, வெடிமருந்துப் பையும் குண்டும் எப்படி உள்ளே போயின, திரி எங்கே பற்றியது என்று பிளந்து காட்டுவோம். சரி, பார்க்கவும் அதுதான் சுவாரஸ்யம்.

கியூர்பிப் பட்டறை ஒன்றில் இரண்டு கப்பல் மாதிரிகளுக்கு முன்பணம் கட்டிவிட்டோம். மீதித் தொகை, கண்ணாடிப் பெட்டி, விளக்கு, தமிழ் விளக்க அட்டைகள், இவற்றுக்குத்தான் பணம் வேண்டும். நூறு ரூபாயும் பெரிது. தச்சு வேலை தெரிந்தவர் ஒரு சனிக்கிழமை கொடுத்தால் அதையும் நன்கொடைப் புத்தகத்தில் எழுதிக்கொள்வோம். வீட்டில் பழைய துறைமுகப் படங்கள் இருந்தால் நகலெடுத்துவிட்டுத் திருப்பித் தருகிறோம்.

வெள்ளிக்கிழமை பூஜை முடிந்ததும் பள்ளி வாசலில் பொருளாளர் ரசீதுப் புத்தகத்தோடு உட்கார்ந்திருப்பார். காவடி விரதம் தொடங்கும் முன் பட்டறைக்குப் பாக்கியைக் கட்ட வேண்டும்.

இப்படிக்கு,
காட்சிக்கூடக் குழுவினர்