இன்ஸ்டாவை ஹேக் பண்ண முடியுமா சார்?

ஆசிரியருக்கு வணக்கம்.

கல்லூரிக் கணினி லேபில் வேலை பார்க்கிறேன். புதுசாகச் சேரும் பையன்கள் கொஞ்சம் பழகியதும் கேட்பது, "சார், இன்ஸ்டா ஐடியை ஹேக் பண்ண முடியுமா?" யாருடைய ஐடி என்று கேட்டால் சிரிப்புதான் பதில். ஆர்வத்தைக் குறை சொல்லவில்லை, ஆனால் அதைக் காசாக்க ஒரு கூட்டமே கிளம்பியிருக்கிறது. 'முப்பதே நாளில் எத்திகல் ஹேக்கர்' (அனுமதியோடு ஹேக் செய்பவர்) என்று போஸ்டர் ஒட்டி, ஹேக்கிங் கருவிகளோடு வரும் 'காளி லினக்ஸ்' இயங்குதளத்தைப் போட்டுக் கொடுத்து, நாலு கமாண்டை மனப்பாடம் செய்யவைத்து, கையில் சான்றிதழோடு அனுப்பிவிடுகிறார்கள். இணையத்தில் ஒரு கணினியின் விலாச எண்தான் ஐபி முகவரி; அது என்ன என்று கேட்டால் சான்றிதழ் வாங்கியவன் முழிக்கிறான்.

இன்ஸ்டாகிராமில் நிஜமாகவே ஓட்டை கண்டுபிடித்தவர் நம்ம சென்னையைச் சேர்ந்த லக்ஷ்மண் முத்தையா, 2019-இல். பாஸ்வேர்டு மறந்தால் போனுக்கு ஆறு இலக்க எண் வரும், பத்து நிமிடம் செல்லும். மொத்தமே பத்து லட்சம் எண்கள்தானே, வரிசையாகப் போட்டுப் பார்க்கலாமே என்றால் சர்வர் தடுத்துவிடும். அந்தத் தடை ஒவ்வொரு ஐபிக்கும் தனித்தனி என்பதைக் கவனித்தவர், ஆயிரம் ஐபிகளிலிருந்து ஒரே சமயத்தில் இரண்டு லட்சம் எண்களை அனுப்பிக் காட்டினார். ஐயாயிரம் ஐபி இருந்தால் வேலை முடிந்தது, இணையம் வழியாகக் கணினிகளை எடுக்கும் கிளவுட் வாடகை சுமார் 150 டாலர் என்று கணக்கும் போட்டுச் சொன்னார். இன்ஸ்டாவின் தாய் நிறுவனமான ஃபேஸ்புக் கொடுத்த பரிசு 30,000 டாலர். பிழை கண்டால் சொல்லுங்கள் என்று அந்த நிறுவனமே அழைத்திருந்ததால் பரிசு. அழைப்பில்லாமல் அடுத்தவர் கணக்கில் கைவைத்தால் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66-வது பிரிவு இருக்கிறது, மூன்றாண்டு வரை உள்ளே போகலாம். காதலி யாரோடு பேசுகிறாள் என்று பார்க்கத்தான் செய்தேன் என்றால் போலீஸ் ஸ்டேஷனில் எடுபடாது.

கேட்கும் பையன்களை நான் ஹேக்கிங் பழக உதவும் 'ஓவர்தவயர்' இணையதளத்தின் 'பாண்டிட்' விளையாட்டில் உட்காரவைக்கிறேன். இலவசம், சட்டச் சிக்கலும் கிடையாது. ஒவ்வொரு லெவலிலும் அடுத்த லெவலுக்கான பாஸ்வேர்டைத் தேடி எடுக்க வேண்டும். ஆரம்பத்திலேயே ஒரு லெவலில் பாஸ்வேர்டு இருக்கும் ஃபைலின் பெயர் வெறும் ஒற்றைக் கோடு (-). வழக்கம்போல, ஃபைலில் இருப்பதைத் திரையில் காட்டும் 'கேட்' (cat) கமாண்டோடு அந்தக் கோட்டைப் போட்டால் ஒன்றும் வராது, திரை அப்படியே நிற்கும். போஸ்டர் பார்த்துப் பணம் கட்டியவன் அங்கேயே மாட்டிக்கொள்வான், ஏன் என்று தேடுகிறவன் லினக்ஸ் படிக்க ஆரம்பித்துவிடுவான்.

எல்லாம் ஆங்கிலத்தில் இருப்பதுதான் கஷ்டம். வாரம் ஒரு லெவலாக, விடையைச் சொல்லாமல் அதற்கு வேண்டிய கமாண்டுகளை மட்டும் தமிழில் விளக்க உங்கள் இதழில் அரைப் பக்கம் கிடைக்குமா? சம்பளம் வேண்டாம், நானே எழுதித் தருகிறேன்.

கணினி ஆய்வக உதவியாளர் ஒருவர்,
விருதுநகர்