சேலத்துக்கு ஒரு சின்ன இசை லேபிள்

ஆசிரியருக்கு,

மாடர்ன் தியேட்டர்ஸ் என்ற சினிமா ஸ்டுடியோ இருந்த ஊரில் சினிமாப் பாட்டுதான் பாட்டு என்று நினைப்பதில் ஆச்சரியமில்லை. ஆனால் சொந்தமாகத் தமிழில் எழுதி, கிட்டாரும் டிரம்ஸுமாக ராக் வாசிக்கும் கல்லூரிப் பிள்ளைகளும் இங்கே இருக்கிறார்கள். அவர்களுக்கு மேடை கிடைத்தாலும், ‘ரெண்டு ஹிட் பாட்டு போடுங்க தம்பி’ என்றுதான் கேட்கிறோம்.

இவர்களுக்காகச் சேலத்தில் ஒரு லேபிள், அதாவது பாட்டைப் பதிவுசெய்து வெளியிடும் சின்ன நிறுவனம், வேண்டும். யார் வேண்டுமானாலும் பாட்டை இணையத்தில் ஏற்றலாமே, லேபிள் எதற்கு என்பார்கள். சரி, ஏற்றுவது சுலபம்தான். ஒலிப்பதிவுக்கும் மிக்சிங்குக்கும் முன்பணம் போடுவது, உரிமை கைமாறிவிடாமல் பார்த்துக்கொள்வது, ஊர் ஊராகக் கச்சேரி பிடிப்பது, இதையெல்லாம் யார் செய்வது? அமெரிக்காவின் வாஷிங்டனில் 1980-ல் சில இளைஞர்கள் தங்கள் பேண்டின் கச்சேரிப் பணத்தை வைத்துத் தொடங்கியதுதான் டிஸ்கார்ட் ரெக்கார்ட்ஸ் என்ற லேபிள். செலவு போக வரும் லாபத்தில் பாதி இசைக்குழுவுக்கு; எழுத்து ஒப்பந்தம்கூடக் கிடையாது. (நம் ஊரில் எழுதி வாங்கிக்கொள்வதே நல்லது.)

சேலத்தில் காசுள்ள நாலு பேர் சேர்ந்தால் இப்படி ஒன்றைத் தொடங்கலாம். ஏற்காடு கோடை விழாவிலும் ஒரு மாலையை இந்தப் பிள்ளைகளுக்கு ஒதுக்கட்டும். சினிமாப் பாட்டுக்கு மற்ற நாட்கள் இருக்கின்றனவே.

வாசகர், அஸ்தம்பட்டி, சேலம்