கொமாட்டியைட் என்னும் பாறைப் பெயரும் அதன் சரியான ஆட்சியும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில், புவியின் இளமைக் காலத்து எரிமலைகளைப் பற்றி வெளிவந்த கட்டுரையை மிகுந்த மகிழ்ச்சியுடன் படித்தேன். இத்தகைய பொருளுக்குத் தமிழ் நாளிதழ் ஒன்று அரைப் பக்கம் ஒதுக்குவது அடிக்கடி நிகழ்வதன்று என்பதால் முதலில் என் நன்றியைத் தெரிவித்துக்கொள்கிறேன். ஆனால் அக்கட்டுரையில் ‘கொமாட்டைட்’ என்றொரு பாறை பேசப்படுகிறது. அது பசால்ட் என்னும் எரிமலைப் பாறையின் பச்சை நிற வகை என்று விளக்கப்படுகிறது. அடுத்த பத்தியிலேயே ‘பச்சைக் கருங்கல்’ என்று தமிழ்ப் பெயர் சூட்டப்பட்டு, கட்டுரை முடியும்வரை அந்தப் பெயரே வழங்குகிறது. படத்தின் கீழே, இப்பெயர் கோமதி ஆற்றிலிருந்து வந்தது என்ற குறிப்பும் இருக்கிறது. நிலவியல் கற்பித்து ஓய்வுபெற்றவன் என்ற முறையில், மாணவர்கள் கத்தரித்து ஒட்டிவைத்துக்கொள்ளக்கூடிய ஒரு பக்கத்தில் இவை திருத்தப்படாமல் நின்றுவிடக் கூடாது என்ற அக்கறையால் இதை எழுதுகிறேன்.

ஆற்றிலிருந்து தொடங்குகிறேன். கோமதி உத்தரப் பிரதேசத்தில் ஓடிக் கங்கையில் கலக்கும் ஆறு. அதற்கும் இந்தப் பாறைக்கும் தொடர்பில்லை. பெயருக்கு மூலமான கொமாட்டி ஆறு தென்னாப்பிரிக்காவில் பிறந்து, எசுவாத்தினி நாட்டின் வழியாகச் சென்று, மீண்டும் தென்னாப்பிரிக்காவுக்குள் நுழைந்து, மொசாம்பிக் எல்லையருகே வேறோர் ஆற்றுடன் சேர்ந்து இந்தியப் பெருங்கடலை அடைகிறது. அந்த ஆற்றுப் பள்ளத்தாக்கில், பார்பர்ட்டன் என்னும் ஊரையொட்டிய மலைப்பகுதியில், ஏறத்தாழ 348 கோடி ஆண்டுகளுக்கு முன் வழிந்து உறைந்த எரிமலைக் குழம்பின் அடுக்குகளை ஆராய்ந்த மோரிஸ் வில்யூன், ரிச்சர்ட் வில்யூன் என்னும் இரட்டையர்கள் 1969ஆம் ஆண்டில் இப்பெயரை இட்டனர். அந்த மலைப்பகுதியை 2018இல் யுனெஸ்கோ உலகப் பாரம்பரியக் களமாக அறிவித்தது. ஊர்ப் பெயரோடும் ஆற்றின் பெயரோடும் ‘ஐட்’ என்ற ஈற்றைச் சேர்ப்பது பாறைகளுக்குப் பெயரிடுவதில் நெடுங்காலமாக உள்ள வழக்கம். கொமாட்டி என்ற சொல் இகரத்தில் முடிவதால், ஈறு சேரும்போது ‘கொமாட்டியைட்’ என்றுதான் ஆகும். ‘கொமாட்டைட்’ என்று எழுதினால் ஆற்றின் பெயரே சிதைந்துவிடுகிறது. ஆங்கிலத்தில் எழுதுவோரும் இரண்டு இகரங்களில் ஒன்றை விட்டுவிடுவதுண்டு. தமிழில் யகர உடம்படுமெய் இயல்பாக வந்து அந்த இகரத்தைக் காப்பாற்றிக் கொடுக்கும்போது நாம் அதை ஏன் இழக்க வேண்டும்?

ஒரு பாறையின் பெயரில் இடப்பெயர் நிற்பதன் அருமை கடலூர்க்காரர்களுக்குத் தெரியாததன்று. கேப்பர் மலையிலும், திருவக்கரைக் கல்மரங்கள் கிடக்கும் பரப்பிலும், நெய்வேலியில் பழுப்பு நிலக்கரிக்கு மேலேயும் காணப்படும் மணற்கல் அடுக்குகளை உலகெங்கும் உள்ள நிலவியலாளர்கள் ‘கடலூர் மணற்கல்’ என்றே குறிப்பிடுகிறார்கள். இது தனியொரு கல்லின் பெயரன்று, ஓர் அடுக்குத் தொகுதியின் பெயர் என்ற வேறுபாட்டை நான் மறக்கவில்லை. ஆயினும் யாரேனும் அதை ‘சிவப்பு மணற்கல்’ என்று மாற்றி எழுதினால், எந்த அடுக்கு, எங்கே முதலில் விவரிக்கப்பட்டது, எதனோடு ஒப்பிட வேண்டும் என்ற செய்திகள் எல்லாம் அதனுடனேயே மறைந்துவிடும். பல்லாவரத்துக் கல்லுக்கு, கொல்கத்தாவில் உள்ள ஜாப் சார்னாக் என்பவரின் கல்லறையை நினைவில் வைத்து, தாமஸ் ஹாலந்து சார்னோக்கைட் என்று பெயரிட்டதும் இத்தகையதே. நம் மண்ணின் கல்லுக்கு வந்த அந்தப் பெயர் எனக்கு உவப்பானதன்று. ஆனாலும் அதை மாற்றினால் நூறாண்டுக்கும் மேலான ஆய்வுத் தொடர்ச்சி அறுபடும் என்பதால் அப்படியே ஏற்றுக்கொண்டு கற்பித்தேன்.

அடுத்து, இந்தப் பெயர் எதைக் குறிக்கிறது என்பது. கொமாட்டியைட் நிறத்தால் வரையறுக்கப்படும் பாறையன்று. எரிமலைக் குழம்பிலிருந்து உறைந்திருக்க வேண்டும். அதில் மெக்னீசியம் ஆக்சைடு 18 விழுக்காட்டுக்கு மேல் இருக்க வேண்டும். டைட்டானியம் ஆக்சைடு 1 விழுக்காட்டுக்குக் குறைவாக இருக்க வேண்டும். சோடியமும் பொட்டாசியமும் மிகக் குறைவாகவே இருக்க வேண்டும். பெரும்பாலான பசால்ட்டுகளில் மெக்னீசியம் ஆக்சைடு 10 விழுக்காட்டை எட்டுவதில்லை என்பதோடு ஒப்பிட்டால், ‘பசால்ட்டின் ஒரு வகை’ என்ற விளக்கம் எவ்வளவு தவறானது என்பது விளங்கும். டைட்டானியம் 1 விழுக்காட்டைத் தாண்டினால் அந்தப் பாறை மெய்மெச்சைட் எனப்படும்; அதுவும் சைபீரியாவின் ஓர் ஆற்றுப் பெயரே. மெக்னீசியம் 18 விழுக்காட்டுக்குச் சற்றுக் கீழே உள்ள, ஆனால் இதே குடும்பத்தைச் சேர்ந்த எரிமலைப் பாறைகளைக் கொமாட்டியைட் வகைப் பசால்ட் என்பார்கள். கட்டுரையாளர் கொமாட்டியைட்டையும் இந்தப் பசால்ட்டையும் ஒன்றாகக் கருதிவிட்டதே குழப்பத்துக்குக் காரணமாக இருக்கலாம்.

இந்த வரையறை வெறும் ஆய்வகக் கணக்கு என்று வாசகர்கள் நினைத்துவிடக் கூடாது. மெக்னீசியம் மிகுந்த குழம்பு உருகிய நிலையில் இருக்க மிக உயர்ந்த வெப்பம் தேவை. இன்று ஹவாய்த் தீவில் வழியும் பசால்ட் குழம்பின் வெப்பம் ஏறத்தாழ 1,150 முதல் 1,200 டிகிரி செல்சியஸ். கொமாட்டியைட் குழம்பு வெளிப்பட்டபோது அது 1,600 டிகிரியை நெருங்கியிருக்கும் என்று பொதுவாகக் கணிக்கப்படுகிறது. இத்தகைய குழம்பு இருந்திருக்கவே முடியாது என்பதே நார்மன் போவன் முதலிய பெரும் அறிஞர்களின் கருத்தாக இருந்தது. பார்பர்ட்டன் மலைகளில், நீருக்கடியில் வழிந்து தலையணை தலையணையாக உறைந்த அடுக்குகளையே கண்முன் காட்டிய பிறகுதான் அந்தக் கருத்து மாறியது. ஆகவே ஒரு கல்லைக் கொமாட்டியைட் என்று சொல்லும்போது, அன்றைய புவியின் உட்பகுதி இன்றைவிட வெப்பமாக இருந்தது என்பதற்கு ஒரு சான்று கிடைத்திருக்கிறது என்றும் சேர்த்தே சொல்கிறோம். குழம்பில் நீர் கலந்திருந்தால் இவ்வளவு வெப்பம் தேவைப்பட்டிருக்காது என்று வாதிடுவோரும் உண்டு. அந்த விவாதமும் இந்தப் பெயரைச் சுற்றியே நடக்கிறது. இதனால்தான் இப்பெயரைத் தளர்வாக ஆள்வதை என்னால் சிறு பிழையாகக் கருத முடியவில்லை.

கட்டுரையில் ‘முட்புல் வடிவம்’ என்று ஒரே சொல்லில் கடந்துபோன செய்தியை நான் சற்று விரித்துச் சொல்ல விரும்புகிறேன், ஏனெனில் களத்தில் இந்தப் பாறையை அடையாளம் காண அதுவே முதல் துணை. குழம்பின் மேற்பகுதி விரைவாகக் குளிரும்போது ஒலிவீன் என்னும் கனிமம் மெல்லிய தகடுகளாக, சில இடங்களில் ஒரு மீட்டர் நீளம்வரைகூட, ஒன்றையொன்று குறுக்கிட்டு வளர்கிறது. ஆஸ்திரேலிய நிலவியலாளர்கள் தங்கள் நாட்டின் வறண்ட உட்பகுதியில் வளரும் ஸ்பினிஃபெக்ஸ் என்ற கூரிய புல்லை நினைத்து, இதற்கு ஸ்பினிஃபெக்ஸ் அமைப்பு என்று பெயரிட்டார்கள். தாவரவியலில் அந்தப் புல் டிரையோடியா இனத்தைச் சேர்ந்தது. ஸ்பினிஃபெக்ஸ் என்ற இனப்பெயருக்கு உரிய புல் நம் கடற்கரையிலேயே இருக்கிறது. தேவனாம்பட்டினத்து மணல்மேடுகளிலும் புதுச்சேரிக்குத் தெற்கே உள்ள கரைகளிலும் பாதங்களைக் குத்தும் இராவணன் மீசைதான் அது. எனவே ‘இராவணன் மீசைப் புல்லின் கூர் இலைகள் ஒன்றோடொன்று பின்னிக் கிடப்பதைப்போல’ என்று ஒரு வரி எழுதியிருந்தால் இக்கடற்கரையின் வாசகர் எவருக்கும் உடனே விளங்கியிருக்கும். பெயராக ஸ்பினிஃபெக்ஸ் அமைப்பு என்பதையே வைத்துக்கொண்டு, விளக்கத்தில் மட்டும் நம் புல்லைச் சொல்வது நல்லது.

‘பச்சைக் கருங்கல்’ என்ற பெயருக்கு வருகிறேன். தமிழ்ப் பெயர் வேண்டும் என்ற ஆர்வத்தை நான் மதிக்கிறேன். ஆனால் கருங்கல் என்பது நம் வழக்கில் கிரானைட்டையும் சார்னோக்கைட்டையும் டோலரைட்டையும் ஒருசேரக் குறிக்கும் சொல். கல் உடைப்பவருக்கும் வீடு கட்டுபவருக்கும் அது போதும், பாறை வகையைப் பிரிப்பதற்குப் போதாது. பச்சை நிறமும் இந்தப் பாறையின் பிறவிக் குணமன்று. பல கோடி ஆண்டுகளில் வெப்பத்துக்கும் நீருக்கும் உட்பட்டு, ஒலிவீன் பெரும்பாலும் செர்பென்டைன், குளோரைட், டால்க் போன்ற கனிமங்களாக மாறிவிட்டதால் வந்த நிறம் அது. அதே மாற்றம் வேறு பாறைகளிலும் நடக்கிறது. சேலத்தில் மேக்னசைட் வெட்டியெடுக்கப்படும் குன்றுகளின் மூலப்பாறையிலும் மெக்னீசியம் மிகுதி. ஆனால் அது நிலத்துக்கு அடியிலேயே உறைந்தது, எரிமலைக் குழம்பாக வழிந்ததன்று, ஆகவே கொமாட்டியைட் ஆகாது. கல்சட்டி செய்யப் பயன்படும் மாக்கல்லில் டால்க் இருப்பதால் மட்டும் அதைக் கொமாட்டியைட்டிலிருந்து வந்தது என்று சொல்லிவிட முடியாது. ‘பச்சைக் கருங்கல்’ என்ற பெயர் பரவினால், பச்சையாகத் தோன்றும் கல்லை எல்லாம் மாணவர் இப்பெயரால் அழைக்கத் தொடங்குவார்.

உண்மையான கொமாட்டியைட்டைக் காண ஆப்பிரிக்கா செல்ல வேண்டியதில்லை என்பதையும் கட்டுரை சொல்லியிருக்கலாம். கர்நாடகத்தின் சித்ரதுர்கா மாவட்டத்தில் கட்டிஹொசஹள்ளி என்னும் ஊரருகே ஸ்பினிஃபெக்ஸ் அமைப்புடன்கூடிய கொமாட்டியைட் பதிவாகியுள்ளது. கோலார் தங்க வயல் அமைந்த பாறைப் பட்டையிலும் இக்குடும்பத்தின் பாறைகள், பெரிதும் உருமாறிய நிலையில், உள்ளன. மேற்கு ஆஸ்திரேலியாவின் கம்பால்டா பகுதியில் 1966இல் கண்டறியப்பட்ட நிக்கல் தாது, கொமாட்டியைட் குழம்பு ஓடிய தடங்களின் அடிப்பகுதியில் படிந்தது. நிக்கல் தேடுவோர் இந்தப் பெயரைக் கண்டால் நின்று பார்ப்பதற்கு அதுவே காரணம்.

இன்னும் ஒரு திருத்தம். இத்தகைய பாறை 250 கோடி ஆண்டுகளுக்குப் பின் உருவாகவே இல்லை என்று கட்டுரை உறுதியாகக் கூறுகிறது. பெரும்பாலானவை அதற்கு முந்தியவை என்பது உண்மை. ஆனால் கொலம்பியாவின் பசிபிக் கரைக்கு அப்பால் உள்ள கோர்கோனா தீவில், ஏறத்தாழ 9 கோடி ஆண்டு வயதுடைய கொமாட்டியைட் இருக்கிறது. ‘மிக அரிது’ என்று எழுதியிருந்தால் சரியாக இருந்திருக்கும்.

தாங்கள் திருத்தம் வெளியிட இசைந்தால், கொமாட்டியைட் என்ற எழுத்துக்கூட்டலையும், அதற்கு மூலமான கொமாட்டி ஆற்றையும், மெக்னீசியம் மிகுந்த எரிமலைப் பாறை என்ற குறுகிய விளக்கத்தையும் சேர்த்து அச்சிடுமாறு கேட்டுக்கொள்கிறேன். கட்டுரையோடு வந்த படத்தில் தெரிவது தேய்ந்த ஓர் ஆற்றுக் கூழாங்கல் மட்டுமே. அதற்குப் பதிலாக, ஸ்பினிஃபெக்ஸ் அமைப்பு தெளிவாகத் தெரியும் ஒரு பாறை முகத்தின் படத்தை, அளவு தெரிவதற்காகப் பக்கத்தில் ஒரு சுத்தியலோ பேனாவோ வைத்து எடுத்ததாகப் பார்த்து வெளியிட்டால், பள்ளி ஆசிரியர்களுக்குப் பெரிதும் பயன்படும்.

இங்ஙனம்,
தங்கள் நெடுநாள் வாசகர்,
மஞ்சக்குப்பம், கடலூர்.